நோயாளி பாதுகாப்புத் திறன்கள்: கற்பித்தலும் மதிப்பிடுதலும்

1. ஆய்வின் பொருளும் எல்லையும்

மருத்துவக் கல்வியில் நோயாளி பாதுகாப்பு இன்று ஒரு பாடமாகிவிட்டது. அதற்குக் கையேடு உண்டு, வகுப்பு உண்டு, செப்டம்பர் 17 அன்று அனுசரிக்க உலக நாளும் உண்டு. அந்தப் பாடத்தில் தேறியவர் நோயாளியின் படுக்கையருகே பாதுகாப்பாக நடந்துகொள்கிறாரா என்று கேட்டால்தான் விடை கிடைப்பது அரிது. பல நிறுவனங்கள் எடுத்துக்காட்டக் கூடியவை, கையெழுத்திட்ட வருகைப் பதிவேடும், பயிற்சிக்கு முன்னும் பின்னும் எழுதி வாங்கிய வினாத்தாளும்தான்.

இக்கட்டுரையின் வாதம் இது: பாதுகாப்பு என்பது நினைவில் வைத்துக்கொள்ளும் செய்தியன்று; நேர நெருக்கடியிலும் பதவி வேறுபாட்டுக்கு நடுவிலும் பிறர் முன்னிலையில் செய்துகாட்ட வேண்டிய செயல். ஆகவே செயல் நிகழும் இடத்துக்கு எவ்வளவு அருகில் கற்பிக்க முடியுமோ அவ்வளவு அருகில் கற்பிக்க வேண்டும். அங்கேயே கண்ணால் பார்த்து மதிப்பிட வேண்டும். இளையவர் கேள்வி கேட்கிறாரா என்பதோடு, மூத்தவர் அந்தக் கேள்வியை எப்படி எதிர்கொள்கிறார் என்பதையும் மதிப்பெண்ணுக்குள் கொண்டுவர வேண்டும்.

மருத்துவர், செவிலியர், அவர்களிடம் பயிலும் மாணவர் ஆகியோரின் திறன்களே இங்கே பேசுபொருள். கருவிப் பராமரிப்பு, இழப்பீட்டுச் சட்டம் ஆகியவை எல்லைக்கு வெளியே நிற்கின்றன.

2. பின்புலம்

2.1 தனிமனிதத் தவறும் அமைப்பின் தவறும்

மருத்துவமனையில் சிகிச்சையாலேயே நேரும் தீங்கை முறையாக எண்ணிப் பார்த்த முன்னோடி ஆய்வுகளில் ஒன்று, ஹார்வர்டு ஆய்வாளர்கள் 1991இல் வெளியிட்டது. நியூயார்க் மாநில மருத்துவமனைகளின் 1984ஆம் ஆண்டுக் கோப்புகளில் 30,000க்கும் மேற்பட்டவற்றை அவர்கள் புரட்டினர். அனுமதிக்கப்பட்டோரில் 3.7 சதவீதத்தினருக்குச் சிகிச்சையால் தீங்கு நேர்ந்திருந்தது. 1999இல் அமெரிக்க மருத்துவக் கழகத்தின் அறிக்கை, தவறுகளால் அந்நாட்டு மருத்துவமனைகளில் ஆண்டுதோறும் 44,000 முதல் 98,000 பேர் வரை இறக்கக்கூடும் என்று மதிப்பிட்டது. அந்த எண்கள் மீது பிறகு எழுந்த விவாதங்கள் பல. ஆனால் கவனக்குறைவான தனிமனிதரைத் தேடிப் பிடிப்பதால் பயனில்லை, தவறுக்கு இடங்கொடுக்கும் அமைப்பைத்தான் திருத்த வேண்டும் என்ற அதன் மையக் கருத்து நிலைபெற்றுவிட்டது. பிரிட்டிஷ் உளவியலாளர் ஜேம்ஸ் ரீசன் இக்கருத்துக்கு முன்பே அடித்தளம் இட்டிருந்தார்.

உலக சுகாதார நிறுவனம் 2004இல் நோயாளி பாதுகாப்புக்கான உலகக் கூட்டமைப்பைத் தொடங்கியது. 2009இல் மருத்துவக் கல்லூரிகளுக்கும், 2011இல் செவிலியம், மருந்தியல், பல் மருத்துவம் உள்ளிட்ட பல துறைகளுக்கும் பாடத்திட்டக் கையேடுகளை வெளியிட்டது. பதினொரு தலைப்புகள் கொண்ட அந்தக் கையேடு எதைக் கற்பிப்பது என்ற கேள்விக்கு நல்ல விடை. கற்றதை எப்படிச் சோதிப்பது என்ற கேள்விதான் களத்தில் பின்தங்கி நிற்கிறது.

2.2 நாட்டிங்ஹாம், 2001

கேள்வியின் கூர்மையை உணர ஒரு நிகழ்வு போதும். 2001 ஜனவரியில் இங்கிலாந்தின் நாட்டிங்ஹாம் நகரில், குயின்ஸ் மருத்துவ மையத்தில், இரத்தப் புற்றுநோயிலிருந்து மீண்டுகொண்டிருந்த 18 வயது இளைஞர் ஒருவர் வழக்கமான மருந்துக்காக வந்திருந்தார். அவருக்கு இரண்டு மருந்துகள்: ஒன்று தண்டுவட நீருக்குள் செலுத்த வேண்டியது, மற்றொன்று, வின்கிரிஸ்டின், சிரைவழி மட்டுமே ஏற்ற வேண்டியது. வின்கிரிஸ்டின் தண்டுவட நீருக்குள் போனால் பெரும்பாலும் மரணம்தான்.

மூத்த மருத்துவர் ஊசிக்குழலில் இருந்த பெயரையும் மருந்தையும் அளவையும் வாசித்து இளைய மருத்துவரிடம் கொடுத்தார். வின்கிரிஸ்டினா என்று இளையவர் கேட்டார். ஆம் என்றார் மூத்தவர். தண்டுவடத்துக்குள்ளா என்று மீண்டும் கேட்டார், அதற்கும் ஆம். ஊசி போடப்பட்டது. இளைஞர் சில வாரங்களில் இறந்தார். விசாரித்த பேராசிரியர் பிரையன் டாஃப்டின் அறிக்கை, மருந்துக் கிடங்கு, மருந்தின் பொதியமைப்பு, பணிநியமனம், பயிற்சி என்று பல இடங்களில் இருந்த ஓட்டைகளைப் பட்டியலிட்டது. மேலதிகாரியை எதிர்த்துக் கேட்கும் நிலையில் தான் இல்லை என்று இளையவர் கருதியதும் அதில் பதிவானது.

கவனிக்க வேண்டியது என்னவென்றால், ஐயம் எழுந்தது, வாய்விட்டுச் சொல்லவும்பட்டது, ஆனால் செயலை நிறுத்தும் வலிமை அந்தச் சொல்லுக்கு இல்லை. எழுத்துத் தேர்வு எதுவும் இந்தக் குறையைக் கண்டுபிடித்திருக்காது.

3. திறன்களின் பாகுபாடு

பாதுகாப்புத் திறன்களைப் பல குழுக்கள் பலவாறு வகுத்துள்ளன. ஸ்காட்லாந்தின் அபர்தீன் ஆய்வாளர்கள் மயக்க மருத்துவருக்காக உருவாக்கிய ‘ஆன்ட்ஸ்’ சட்டகம் நான்கு வகைகளைச் சொல்கிறது: பணி மேலாண்மை, குழுப்பணி, சூழல் உணர்வு, முடிவெடுத்தல். அறுவை மருத்துவருக்கான ‘நாட்ஸ்’ சட்டகம் தலைமையைத் தனி வகையாக்குகிறது. இவற்றையும் உலக சுகாதார நிறுவனக் கையேட்டையும் சேர்த்துப் பார்த்து, கற்பித்தலுக்கும் மதிப்பீட்டுக்கும் வசதியாக இக்கட்டுரை நான்கு திறன்களாக வகுத்துக்கொள்கிறது.

அ) *கண்டறிதல்*: தவறு நிகழுமுன் அதன் வாய்ப்பைப் பார்த்தல். அடையாளப் பட்டையில் வேறு பெயர், ஒரே மாதிரித் தோன்றும் இரண்டு மருந்துக் குப்பிகள், மெல்ல ஏறும் சுவாச எண்ணிக்கை.

ஆ) *தெரிவித்தல்*: கண்டதை அடுத்தவருக்குத் தெளிவாகச் சொல்லல், குறிப்பாக டியூட்டி மாறும்போது.

இ) *நிறுத்துதல்*: தவறான செயல் தொடங்கிவிட்டாலும் அதைத் தடுத்தல், தடுக்கப்பட்டால் அதை ஏற்றல். இது இருவர் பங்குள்ள ஒரே திறன்.

ஈ) *திரும்பிப் பார்த்தல்*: நிகழ்ந்ததைப் பதிவு செய்தல், காரணம் ஆராய்தல், நோயாளியிடமும் குடும்பத்திடமும் உண்மையைச் சொல்லல்.

முதல் இரண்டையும் கல்லூரிகள் ஓரளவு தொடுகின்றன. நான்காவதற்கு விரிவுரை நடக்கிறது. மூன்றாவதுதான் பாடத்திட்டத்தில் பெயரளவில் நிற்கிறது.

4. கற்பித்தல்

4.1 வகுப்பறையால் ஆகக்கூடியது

கருத்துகளை அறிமுகப்படுத்த வகுப்பறை போதும். சரியான நோயாளி, மருந்து, அளவு, வழி, நேரம் என்ற ஐந்தையும் செவிலிய மாணவிகள் முதலாண்டிலேயே ஒப்பிப்பார்கள். ஒப்பிப்பதற்கும் செய்வதற்கும் உள்ள இடைவெளியை வார்டில் பார்க்கலாம். ஊசியோடு வரும் மாணவி, “நீங்க மாரியம்மாள்தானேம்மா?” என்று கேட்கிறார். அரைமயக்கத்தில் இருப்பவரும், காது மந்தமானவரும், மருத்துவமனையில் எதற்கும் தலையாட்டிப் பழகியவரும் “ஆமா” என்றுதான் சொல்வார்கள். பக்கத்துப் படுக்கையிலும் ஒரு மாரியம்மாள் இருந்தால் சரியான நோயாளி என்ற விதி அங்கேயே உடைகிறது. “உங்க பேரைச் சொல்லுங்கம்மா, வீட்டுக்காரர் பேரு என்ன?” என்று நோயாளியையே சொல்லவைத்து, அதைக் கேஸ் ஷீட்டோடும் கைப்பட்டையோடும் ஒத்துப் பார்ப்பதுதான் திறன். விதியைத் தெரிந்தவர் எல்லாரும் இந்த வாக்கியத்தைப் பழகியவர்கள் அல்லர். படுக்கை எண்ணைச் சொல்லி அழைக்கும் வழக்கமும் இதே காரணத்தால் கைவிட வேண்டியது.

4.2 பிழை அறை

கண்டறியும் திறனுக்குச் செலவு குறைந்த பயிற்சி ஒன்று உண்டு. காலி அறை ஒன்றில் படுக்கை போட்டு மனித உருவப் பொம்மையைக் கிடத்துகிறார்கள். கேஸ் ஷீட்டில் பென்சிலின் ஒவ்வாமை என்று எழுதியிருக்கும். தொங்கும் பாட்டிலில் அதே வகை மருந்து. படுக்கையின் பக்கத் தடுப்பு இறங்கிக் கிடக்கும். சிறுநீர்ப் பை தரையைத் தொடும். பயன்படுத்திய ஊசி தட்டில் மூடியில்லாமல் இருக்கும். கைப்பட்டையில் வேறொருவர் பெயர். மாணவர் குறிப்பிட்ட சில நிமிடங்களுக்குள் எத்தனையைக் கண்டுபிடிக்கிறார் என்று பார்க்கிறார்கள்.

வடிவமைப்பில் இரண்டு நுணுக்கங்கள் உண்டு. இருக்கும் தவறுகளோடு இல்லாமற்போன செயல்களையும் சேர்க்க வேண்டும்: நாள்கணக்கில் படுத்த படுக்கையாக இருப்பவருக்கு இரத்தக்கட்டு தடுப்புக்கு எதுவும் எழுதப்படாதிருத்தல், தேவை முடிந்த பிறகும் எடுக்கப்படாத சிறுநீர்க் குழாய். கண்ணுக்கு எதிரே இருப்பதைவிட இல்லாததைக் காண்பது கடினம். அடுத்ததாக, மருத்துவ மாணவரையும் செவிலிய மாணவரையும் ஒன்றாக அனுப்ப வேண்டும். ஒருவர் கேஸ் ஷீட்டைப் பார்ப்பார், மற்றவர் நோயாளியைச் சுற்றிப் பார்ப்பார். இரண்டும் சேர்ந்தால்தான் பட்டியல் முழுமையாகும் என்பதை அவர்களே உணர்வார்கள்.

4.3 பாவனைப் பயிற்சியும் பின்னுரையாடலும்

1977இல் டெனரிஃப் விமான நிலையத்தில் இரண்டு விமானங்கள் மோதி 583 பேர் இறந்தனர். அதுபோன்ற விபத்துகளுக்குப் பிறகு விமானத் துறை, விமானிக்குத் தெரியாததால் நேரும் விபத்தைவிடத் தெரிந்ததைக் குழுவாகப் பயன்படுத்தத் தவறுவதால் நேரும் விபத்தே கவலைக்குரியது என்று கண்டு, குழுப்பயிற்சியை வளர்த்தது. ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் டேவிட் காபா அதை மயக்க மருத்துவத்துக்குக் கொண்டுவந்தார். செயற்கை நோயாளி ஒன்றுக்கு நெருக்கடி உண்டாக்கி, குழு எப்படிச் செயல்படுகிறது என்று பார்த்து, பிறகு உட்கார்ந்து பேசுவது அந்த முறை.

இதில் கற்றல் பெருமளவு நிகழ்வது பின்னுரையாடலில்தான். “ஏன் இப்படிச் செய்தீர்கள்?” என்று தொடங்கினால் மாணவர் தற்காப்பில் இறங்கிவிடுவார். “ஆக்சிஜன் அளவு இறங்கிய பிறகும் இரண்டு நிமிடம் குழாயைச் செலுத்தவே முயன்றதைக் கவனித்தேன். மாற்றுவழிக்குப் போயிருக்கலாம் என்று எனக்குத் தோன்றியது. அந்த நேரத்தில் உங்கள் மனதில் என்ன ஓடியது?” என்று ஆசிரியர் தாம் கண்டதையும் தம் கருத்தையும் திறந்து வைத்துவிட்டுக் கேட்டால் உண்மையான விடை வரும். பொம்மை வாங்கப் பணம் ஒதுக்கிவிட்டு, பின்னுரையாடல் நடத்த ஆசிரியரைப் பயிற்றாமல் விடுவது முதலீட்டின் பெரும்பகுதியை வீணாக்குவதாகும்.

4.4 நிறுத்தச் சொல்லும் பேச்சு

நிறுத்தும் திறனைக் கற்பிக்க, எச்சரிக்கையைப் படிப்படியாக உயர்த்தும் முறை பல நாடுகளில் பயன்படுகிறது. அதை அப்படியே ஆங்கிலச் சுருக்கெழுத்தாக மனப்பாடம் செய்யவைத்தால் நம் வார்டில் அது வாயில் வராது. நம் செவிலியர் பேசும் மொழியில், மரியாதை குறையாமல் எழுதிப் பார்த்தால் இப்படி அமையும்.

கேட்டறிதல்: “சார், இந்தம்மாவுக்குப் பென்சிலின் அலர்ஜின்னு கேஸ் ஷீட்ல இருக்கே, பாத்தீங்களா?”

எச்சரித்தல்: “சார், இது அதே வகை மருந்து. போட்டா ரியாக்‌ஷன் வரலாம்.”

மறுத்துச் சொல்லல்: “சார், எனக்கு இது சரியாப் படல. போடறதுக்கு முன்னாடி ஒருதரம் பாத்துடலாம்.”

நிறுத்தல்: “நிறுத்துங்க சார். இந்த ஊசியை நான் போட மாட்டேன். சீஃபைக் கூப்பிடறேன்.”

நான்கு படியிலும் ‘சார்’ இருக்கிறது. பணிவாகப் பேசிக்கொண்டே மறுக்க முடியும் என்பதை மாணவர் உடலால் அறியும் வரை சொல்லிப் பழகவேண்டும். நாட்டிங்ஹாமில் எழுந்த இரண்டு கேள்விகளும் முதற்படியைத் தாண்டவில்லை. முதற்படியில் ‘ஆம்’ என்ற விடை வந்தவுடன் பொறுப்பு தீர்ந்ததாக மனம் சமாதானமாகிவிடுகிறது. அந்த ‘ஆம்’ வந்த பிறகு அடுத்த படிக்கு ஏறுவதைத்தான் பயிற்சி குறிவைக்க வேண்டும்.

இதன் மறுபாதி மூத்தவருக்கான பயிற்சி. இடைமறித்தவரிடம் “நல்லதாப் போச்சு சிஸ்டர், பாத்துடலாம்” என்று சொல்லிக் கையை நிறுத்தும் ஒரு பேராசிரியர், பல விரிவுரைகள் செய்யாததைச் செய்துவிடுகிறார். “எனக்கே சொல்லித் தர்றியா?” என்பவர் அந்த வார்டில் இனி எவரும் வாய் திறக்காதபடி பார்த்துக்கொள்கிறார். இடைமறித்தவரின் ஐயம் தவறாகவே இருந்தாலும் மூத்தவரின் விடை மாறக் கூடாது.

4.5 டியூட்டி ஒப்படைப்பு

தெரிவித்தல் திறனுக்கு வலுவான சான்று ‘ஐ-பாஸ்’ என்ற ஒப்படைப்பு முறை. நோயின் தீவிரம், நோயாளியின் சுருக்கம், செய்ய வேண்டிய பணிகள், நேரக்கூடியவையும் அதற்கான திட்டமும், கேட்டவர் தம் வாயால் திருப்பிச் சொல்லல் என ஐந்து கூறுகள் கொண்டது. 2014இல் வெளியான ஆய்வில், அமெரிக்காவிலும் கனடாவிலும் ஒன்பது மருத்துவமனைகளின் குழந்தை மருத்துவப் பிரிவுகளில், 10,740 அனுமதிப்புகளை ஒப்பிட்டபோது மருத்துவத் தவறுகள் 23 சதவீதமும் தவிர்க்கக்கூடிய தீங்குகள் 30 சதவீதமும் குறைந்தன. ஒப்படைப்புக்கு ஆகும் நேரம் குறிப்பிடத்தக்க அளவில் கூடவில்லை.

அந்தத் திட்டத்தில் பயிலரங்கும் படிவமும் மட்டும் இருக்கவில்லை. ஆசிரியர்கள் ஒப்படைப்பின்போது உடனிருந்து கவனித்து, அங்கேயே கருத்துச் சொன்னார்கள். மதிப்பீட்டைக் கற்பித்தலுக்குள்ளேயே வைத்ததன் பயனை இதில் காணலாம்.

5. மதிப்பிடுதல்

5.1 மில்லரின் நான்கு படிகள்

அமெரிக்கக் கல்வியாளர் ஜார்ஜ் மில்லர் 1990இல் மருத்துவத் திறனின் மதிப்பீட்டை நான்கு படிகளாகப் பிரித்தார்: தெரிந்திருத்தல், எப்படி என்று தெரிந்திருத்தல், செய்துகாட்டுதல், உண்மையில் செய்தல். பாதுகாப்புப் பயிற்சியின் பெரும்பாலான மதிப்பீடு முதற்படியிலேயே நின்றுவிடுகிறது. காரணம் எளியது: வினாத்தாள் திருத்துவது மலிவு, விரைவு, சர்ச்சையற்றது.

5.2 எழுத்துத் தேர்வும் தன்மதிப்பீடும்

கொள்குறி வினாக்களைப் புறந்தள்ள வேண்டியதில்லை. மருந்தளவுக் கணக்கு, ஒவ்வாமை அறிவு, தொற்றுத் தடுப்பு விதிகள் ஆகியவற்றுக்கு அவை பொருத்தமானவை. ஒரு நிகழ்வைக் கொடுத்து அதில் அமைப்பின் ஓட்டைகளைப் பிரித்தெழுதச் சொல்வது இரண்டாம் படியைத் தொடும்.

தன்மதிப்பீடு வேறு வகை. “எனக்குத் தன்னம்பிக்கை கூடியுள்ளது” என்ற விடையைப் பயிற்சியின் வெற்றியாகக் காட்டும் கட்டுரைகள் ஏராளம். 2006இல் அமெரிக்க மருத்துவச் சங்க இதழில் வந்த தொகுப்பாய்வு, மருத்துவரின் தன்மதிப்பீடு வெளி மதிப்பீட்டோடு பெரும்பாலும் ஒத்துப்போவதில்லை என்றும், திறன் குறைந்தவரிடமும் அதிக நம்பிக்கை கொண்டவரிடமும் அந்த விலகல் மிகுதி என்றும் காட்டியது. தன்மதிப்பீடு பின்னுரையாடலைத் தொடங்கப் பயன்படும். சான்றிதழ் வழங்கப் பயன்படாது.

5.3 ஆஸ்கி தேர்வு

ஸ்காட்லாந்தின் டண்டீயில் ரொனால்டு ஹார்டன் 1975இல் அறிமுகப்படுத்திய ஆஸ்கி, மாணவர் நிலையம் நிலையமாகச் சென்று செய்துகாட்டும் தேர்வு. பாதுகாப்புத் திறனுக்கு இது நன்கு பொருந்தும்; நிலையத்தைக் கவனமாக வடிவமைக்க வேண்டும்.

ஓர் எடுத்துக்காட்டு. நிலையத்தில் பயிற்சி பெற்ற நடிகை மாரியம்மாளாகப் படுத்திருக்கிறார். எந்தப் பெயரைச் சொல்லிக் கேட்டாலும் தலையாட்டும்படி அவரிடம் சொல்லியிருக்கிறோம். மூத்த மருத்துவராக நடிப்பவர், ஒவ்வாமை குறிக்கப்பட்ட மருந்தைப் போடச் சொல்கிறார், முதல் இரண்டு எச்சரிக்கைகளுக்கு “நான் பாத்துக்கறேன், போடு” என்பார், மூன்றாவதற்கு நிறுத்துவார். தேர்வாளர் பார்க்க வேண்டியவை: பெயரை நோயாளியையே சொல்லவைத்தாரா, ஒவ்வாமையைக் கேட்டாரா, முதல் மறுப்புக்குப் பிறகு குரலை அடுத்த படிக்கு உயர்த்தினாரா, ஊசியைக் கையிலிருந்து கீழே வைத்தாரா. இந்த நான்கும் கண்ணால் பார்க்கக்கூடியவை. ஆம், இல்லை என்று குறிக்கக்கூடியவை.

மூன்று எச்சரிக்கைகள். ஒரு நிலையத்தில் நன்றாகச் செய்தவர் வேறு சூழலிலும் அப்படியே செய்வார் என்று கொள்ள முடியாது. பல நிலையங்களும் பல தேர்வாளர்களும் இருந்தால்தான் மதிப்பெண் நம்பத்தக்கது. மாணவரை ஏமாற்றும் நடிப்பு இருப்பதால், தேர்வு முடிந்ததும் அதை விளக்கிச் சொல்ல வேண்டும். நிலையத்துக்கு ‘பாதுகாப்பு’ என்று பெயரிட்டால் எல்லாரும் விழிப்பாகிவிடுவார்கள். மருந்து செலுத்தல், குருதி ஏற்றல் போன்ற வழக்கமான நிலையங்களுக்குள் அதைப் புதைத்து வைப்பதே நல்லது.

5.4 நடத்தைக் குறிப்பான்கள்

குழுச் செயலை மதிப்பிட ஆன்ட்ஸ், நாட்ஸ் போன்ற அளவுகோல்கள் நடத்தையை நான்கு தரங்களில் குறிக்கின்றன. மிகக் கீழான தரத்தின் பொருள், அந்த நடத்தை நோயாளியின் பாதுகாப்புக்கு ஆபத்து விளைவித்தது அல்லது விளைவித்திருக்கக்கூடும் என்பது. “நல்ல தொடர்பாடல்” என்ற பொதுச்சொல்லை விட்டு, “கத்தி வைக்குமுன் குழுவில் எல்லாருடைய கவனத்தையும் பெற்றார்” என்று கண்ட செயலை எழுதவைப்பதில்தான் இவற்றின் வலிமை இருக்கிறது. ஒரே காணொளிக்கு இரண்டு தேர்வாளர்கள் வேறுவேறு தரம் போடுவது இயல்பு. அவர்கள் சேர்ந்து பார்த்து, பேசி, ஒத்த அளவுக்கு வரும் பயிற்சி இல்லாமல் இந்த அளவுகோல்களைப் பயன்படுத்தக் கூடாது.

நிறுத்துதல் இருவர் திறன் என்று மேலே சொன்னோம். ஆகவே இதே அளவுகோலில் மூத்தவருக்கும் ஒரு வரி வேண்டும்: இடைமறிக்கப்பட்டபோது கையை நிறுத்தினாரா, காரணம் கேட்டாரா, இடைமறித்தவரை எப்படி நடத்தினார். பேராசிரியருக்குத் தரம் போடும் வழக்கம் நம்மிடம் இல்லை. இந்த ஒரு வரிக்காகவாவது அது தேவை.

5.5 பணியிட மதிப்பீடும் நம்பி ஒப்படைத்தலும்

மில்லரின் நான்காம் படியைத் தொட வார்டுக்குத்தான் போக வேண்டும். ஒப்படைப்பையோ குழாய் செருகலையோ ஆசிரியர் சில நிமிடம் பார்த்து, குறித்து, உடனே பேசுவது இதற்கான வழி. டச்சுக் கல்வியாளர் ஒல்லே டென் கேட் 2005இல் இதற்கு ஒரு நடைமுறைக் கேள்வியைக் கொடுத்தார்: இந்தப் பணியை இவரிடம் எந்த அளவு மேற்பார்வையோடு ஒப்படைக்கலாம்? எந்த வார்டிலும் மூத்தவர்கள் மனதுக்குள் கேட்டுக்கொள்வது இதைத்தான்: இன்று இரவு டியூட்டியை இந்தப் பயிற்சி மருத்துவரை நம்பி விடலாமா? அந்த உள்மன முடிவை வெளிப்படையாக்கிப் பதிவு செய்வதே இம்முறை. கைத்திறனோடு, தம் எல்லையை அறிந்து நேரத்தில் உதவிக்கு அழைப்பதும் இதில் எடைபோடப்படுகிறது. நள்ளிரவில் அழைத்ததற்காகத் திட்டு வாங்கிய மாணவர் அடுத்த முறை அழைக்க மாட்டார் என்பதால், இதிலும் மூத்தவரின் நடத்தை கலந்திருக்கிறது.

5.6 அளவீட்டில் இரு பொறிகள்

முதற்பொறி, பார்ப்பதாலேயே நடத்தை மாறுவது. கைகழுவுதலைக் கண்காணிக்கும் ஊழியர் பார்வையில் இருக்கும்போது கைகழுவும் விகிதம் ஏறத்தாழ மூன்று மடங்கு ஆவதை டொரன்டோவில் மின்னணுக் கருவி வைத்துச் செய்த 2014ஆம் ஆண்டு ஆய்வு காட்டியது.

இரண்டாம் பொறி, தவறு அறிக்கைகளின் எண்ணிக்கையை மதிப்பெண்ணாக்குவது. ஹார்வர்டின் ஏமி எட்மண்ட்சன் 1990களில் மருந்துத் தவறுகளை ஆய்ந்தபோது, நல்ல தலைமையும் நல்லுறவும் கொண்ட செவிலியர் குழுக்களில் பதிவான தவறுகள் அதிகமாக இருந்தன. அவர்கள் அதிகம் தவறு செய்ததைவிட, அஞ்சாமல் சொன்னார்கள் என்பதே பொருத்தமான விளக்கமாக அமைந்தது. அறிக்கை குறைந்த வார்டுக்குப் பரிசு கொடுக்கும் நிர்வாகம் மௌனத்துக்குப் பரிசு கொடுக்கிறது.

6. சான்றுகள் காட்டுவது

உலக சுகாதார நிறுவனத்தின் அறுவைப் பாதுகாப்புச் சரிபார்ப்புப் பட்டியல் 19 அம்சங்கள் கொண்டது. டெல்லி உள்ளிட்ட எட்டு நகரங்களின் மருத்துவமனைகளில் அதைச் செயல்படுத்தியபோது இறப்பு 1.5 சதவீதத்திலிருந்து 0.8 ஆகவும், சிக்கல்கள் 11 சதவீதத்திலிருந்து 7 ஆகவும் குறைந்ததாக 2009இல் முடிவு வெளியானது. கனடாவின் ஒன்டாரியோவில் 101 மருத்துவமனைகளில் அதே பட்டியலைக் கட்டாயமாக்கியபோது, 2014இல் வெளியான ஆய்வு இறப்பில் குறிப்பிடத்தக்க மாற்றம் எதையும் காணவில்லை. பட்டியல் ஒன்றே, அது நடைமுறைக்கு வந்த விதத்தில் வேறுபாடு இருந்தது என்பது பலரும் முன்வைக்கும் விளக்கம். டிக் அடிப்பதும், குழு நின்று ஒருவரையொருவர் பார்த்துப் பேசுவதும் காகிதத்தில் ஒரே மாதிரித் தெரியும்.

நமக்கு இன்னும் நெருக்கமான சான்று உத்தரப் பிரதேசத்திலிருந்து வருகிறது. 120 அரசு மகப்பேறு நிலையங்களில், ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட தாய்மாரை உள்ளடக்கிய சோதனை 2017இல் வெளியானது. பாதி நிலையங்களில் பாதுகாப்பான மகப்பேற்றுச் சரிபார்ப்புப் பட்டியலும், அதோடு எட்டு மாதம் நேரில் வந்து உடனிருக்கும் பயிற்றுநரும் கொடுக்கப்பட்டனர். இரண்டு மாதத்தில் அங்கே, கவனிக்கப்பட்ட செயல்களில் 72.8 சதவீதம் நிறைவேறின; மற்ற நிலையங்களில் 41.7. பயிற்றுநர் வருகை நின்று நான்கு மாதம் கழித்துப் பார்த்தபோது அது 61.7 ஆக இறங்கியிருந்தது. தாய், சேய் இறப்பிலோ கடும் சிக்கல்களிலோ இரு தரப்புக்கும் வேறுபாடில்லை.

இதிலிருந்து இரண்டு பாடங்கள். உடனிருந்து பார்க்கும் பயிற்றுநரால் நடத்தை மாறுகிறது. அவர் போனபின் தேய்கிறது. ஆகவே ஒருமுறைச் சான்றிதழ் போதாது, மறுமதிப்பீடு வேண்டும். நடத்தை மாறினாலே உயிர் காக்கப்பட்டுவிடும் என்றும் இல்லை. மருந்தும் கைத்திறனும் மேல்நிலை மருத்துவமனைக்கு அனுப்பும் ஏற்பாடும் கூடவே வேண்டும்.

7. இந்தியச் சூழலும் தமிழ்நாடும்

இந்தியாவில் எம்.பி.பி.எஸ். படிப்பு 2019இல் திறன்சார் பாடத்திட்டத்துக்கு மாறியது. மனப்பாங்கு, நெறிமுறை, தொடர்பாடல் ஆகியவற்றுக்காக ‘ஏட்காம்’ தொகுதி சேர்க்கப்பட்டது. நடுவண் அரசு 2018 முதல் 2025 வரைக்குமான தேசிய நோயாளி பாதுகாப்புச் செயலாக்கக் கட்டமைப்பை வெளியிட்டது. சட்டகங்கள் ஆயத்தமாக உள்ளன. செய்துகாட்டும் தேர்வில் இந்தத் திறன்கள் இடம்பெறும்போதுதான் மாணவர் அவற்றைப் படிப்பார்கள். தேர்வுக்கு வராததைப் படிப்பது நம் கல்விமுறையில் வழக்கமில்லை.

தமிழ்நாட்டுக்கு ஒரு முன்னனுபவம் உண்டு. மகப்பேற்று இறப்புகளை ஒவ்வொன்றாக எடுத்து ஆராயும் முறையை இம்மாநிலம் 1990களிலேயே தொடங்கிவிட்டது. மாவட்ட ஆட்சியர் அளவில் நடக்கும் கூட்டத்தில் மருத்துவர் தரப்போடு இறந்தவரின் உறவினர் சொல்வதும் கேட்கப்படுகிறது. எங்கே தாமதம், வீட்டிலா, வண்டியிலா, மருத்துவமனையிலா என்று தேடுவது அதன் நோக்கம். திரும்பிப் பார்க்கும் திறனைக் கற்பிக்க, பெயர்கள் நீக்கப்பட்ட இத்தகைய ஆய்வுப் பதிவுகளைவிடச் சிறந்த பாடப்பொருள் வேறில்லை. அதே நேரம், அத்தகைய கூட்டம் யாரோ ஒருவரை இடைநீக்கம் செய்வதில் முடியுமானால், அடுத்த கூட்டத்துக்கு வரும் கேஸ் ஷீட் உண்மையைச் சொல்லாது.

8. பயிற்சியின் எல்லை

தவறு நேர்ந்ததும் “பணியாளருக்கு மறுபயிற்சி” என்று எழுதிக் கோப்பை மூடுவது எளிது. அமெரிக்க முன்னாள் படைவீரர் மருத்துவமனைகளில் உருவான தர வரிசை, தீர்வுகளில் பயிற்சியையும் புதிய சுற்றறிக்கையையும் வலுக்குறைந்தவற்றில் வைக்கிறது. தவறு செய்யவே முடியாதபடி பொருளையோ இடத்தையோ மாற்றுவது வலுவானது.

நாட்டிங்ஹாம் நிகழ்வின் தொடர்ச்சியே இதற்குச் சான்று. 2001 இறுதியில் வந்த தேசிய வழிகாட்டுதல், தண்டுவட மருந்தைப் பயிற்சி பெற்றுத் தகுதி சோதிக்கப்பட்டுப் பதிவேட்டில் உள்ளவர் மட்டுமே கையாளலாம் என்றது. பின்னர் 2007இல் உலக சுகாதார நிறுவனம், வின்கிரிஸ்டினை ஊசிக்குழலில் தராமல் நீர்த்த நிலையில் சிறு பையில் தரும்படி எச்சரிக்கை விடுத்தது. பையில் உள்ளதைத் தண்டுவடத்துக்குள் ஏற்ற எவர் கையும் போகாது. முதல் தீர்வு மனிதரைத் தகுதிப்படுத்தியது. இரண்டாவது, தகுதியுள்ளவர் களைத்திருக்கும் நாளிலும் காப்பாற்றியது.

வடிவமைப்பால் தீரக்கூடியதைப் பயிற்சியின் தலையில் கட்டக் கூடாது. அறுபது நோயாளிக்கு இரண்டு செவிலியர் இருக்கும் இரவு வார்டில், சரிபார்க்கும் திறனை மட்டும் மதிப்பிட்டுக் குறை காண்பது அறமாகாது. வடிவமைப்பு எட்டாத இடம்தான் பயிற்சியின் உண்மையான களம்.

9. பரிந்துரைகள்

1. பாதுகாப்பைத் தனிப் பாடமாக ஒதுக்காமல், ஒவ்வொரு செய்முறைத் தேர்விலும் அடையாளம் சரிபார்த்தல், ஒவ்வாமை கேட்டல், கைகழுவல் ஆகியவற்றைத் தேர்ச்சிக்குக் கட்டாயமான அம்சங்களாக்கலாம்.

2. ஹவுஸ் சர்ஜன்கள் பணி ஏற்குமுன், செவிலிய மாணவரோடு சேர்ந்து ஒரு பிழை அறையும், நிறுத்தச் சொல்லும் ஒரு பாவனைப் பயிற்சியும் முடித்திருக்க வேண்டும்.

3. ஒவ்வொரு துறையிலும் டியூட்டி ஒப்படைப்பை ஓர் ஆசிரியர் வாரம் ஒருமுறையாவது உடனிருந்து கவனித்து, சில நிமிடம் கருத்துச் சொல்ல வேண்டும். இதற்குக் கட்டடமோ கருவியோ தேவையில்லை.

4. இடைமறிப்பை எதிர்கொள்ளும் விதம் பேராசிரியரின் மதிப்பீட்டிலும் இடம்பெற வேண்டும். தரம் போடுவோரில் செவிலியரும் இருக்க வேண்டும்.

5. கற்றலுக்கான மதிப்பீட்டுப் பதிவுகளையும் ஒழுங்கு நடவடிக்கைக் கோப்புகளையும் தனித்தனியே வைக்க வேண்டும். ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு எதுவும் போகாது என்ற உறுதியை நிறுவனத் தலைவர் எழுத்தில் தர வேண்டும்.

6. மறுமதிப்பீட்டைக் குறிப்பிட்ட இடைவெளியில் நடத்த வேண்டும். முன்னறிவிப்பில்லாத கவனிப்பும் அதில் ஒரு பங்காக இருக்கலாம்.

10. முடிவு

நோயாளி பாதுகாப்பைக் கற்பிக்கும் முறைகள் நம்மிடம் போதிய அளவு உள்ளன. அவற்றுள் சிலவற்றுக்கு உறுதியான சான்றும் உண்டு. தட்டுப்பாடு மதிப்பீட்டில் இருக்கிறது. எளிதில் அளக்கக்கூடியதை அளந்துவிட்டு, அளக்கக் கடினமான நிறுத்தும் திறனை நாம் தற்செயலுக்கு விட்டுவைத்திருக்கிறோம். அதை அளக்கத் தொடங்கினால் முதலில் வெளிப்படப்போவது மாணவரின் தயக்கத்தைவிட, அந்தத் தயக்கத்தை வளர்த்த பணிப்பண்பாடு. அதனால்தான் இந்த மதிப்பீட்டுக்கு எதிர்ப்பு மேலிருந்தே வரக்கூடும். ஒரு நிறுவனம் இதில் எவ்வளவு உண்மையாக இருக்கிறது என்று அறிய விரும்புவோர், அங்கே எத்தனை பேர் பயிற்சி பெற்றார்கள் என்று கேட்பதைவிட, கடந்த ஆண்டில் எத்தனை மூத்த மருத்துவர்கள் இளையவரின் சொல்லுக்காகக் கையை நிறுத்தினார்கள் என்று கேட்கலாம். அந்தக் கணக்கை வைத்திருக்கும் மருத்துவமனையில் மற்றவை தாமே சீர்படத் தொடங்கும்.